இடது காலில் உறைகட்டி: தற்செயல் இல்லை

"இடுப்புக்குழிச் சிரைகள் இருபுறமும் ஒரே மாதிரிதான், இடது காலில் உறைகட்டி (சிரைக்குள் இரத்தம் உறைந்து உண்டாகும் கட்டி) அதிகம் வருவது தற்செயல்" என்று நினைப்பது தவறு. கால்களிலிருந்து இரத்தத்தை மேலே கொண்டுவரும் இரண்டு பொது இலியாக் சிரைகளும் 5ஆவது இடுப்பு முள்ளெலும்பு மட்டத்தில், நடுக்கோட்டுக்குச் சற்று வலப்புறம் சேர்ந்து, இதயத்துக்கு ஏறும் கீழ்ப்பெருஞ்சிரை ஆகின்றன. அதனால் வலது சிரை குட்டை, கிட்டத்தட்ட நேராக ஏறும். இடது நீளம், சாய்வாகக் குறுக்கே வர வேண்டும். அந்த வழியில் வலது பொது இலியாக் தமனி அதற்கு முன்னால் கடக்கிறது. பின்னால் எலும்பு. இரண்டுக்கும் நடுவில் இடது சிரை நசுங்குகிறது. தமனித் துடிப்பு வருடக்கணக்கில் இடித்து சிரையின் உட்சுவரில் நார்த்திசு வளரும். இரத்த ஓட்டம் தடைபட்டு உறைகட்டி எளிதில் வரும். 1957இல் மே, தர்னர் என்ற இரு ஆய்வாளர்கள் விவரித்தது இதைத்தான். நசுக்கம் தெரிந்தாலே நோய் என்று பயப்படத் தேவையில்லை, அறிகுறியே இல்லாத பலருக்கும் இது உண்டு. ஆனால் தொடையோடு நிற்கும் டாப்ளர் ஸ்கேன் (இரத்த ஓட்டத்தைக் காட்டும் அல்ட்ராசவுண்ட்) இந்த இடத்தைப் பார்ப்பதே இல்லை. இடது கால் முழுக்கத் திடீரென வீங்கினால் அன்றைக்கே மருத்துவரிடம் போங்கள், இலியாக் சிரையையும் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள்.