ரேணு சலூஜாவின் மேசை

'ஹே ராம்' படத்தை நான்கைந்து முறை பார்த்திருக்கிறேன். கமல், இளையராஜா, ஒளிப்பதிவு செய்த திரு, அரங்கம் அமைத்த சாபு சிரில் என்று மணிக்கணக்கில் பேசியும் இருக்கிறேன். எடிட்டர் யார் என்று யாராவது கேட்டிருந்தால் முழித்திருப்பேன். ரேணு சலூஜா. படம் 2000 பிப்ரவரியில் வந்தது. அதே வருடம் ஆகஸ்டில் புற்றுநோய் அவரைக் கொண்டுபோய்விட்டது. வயது 48.

இந்தி மாற்று சினிமா என்றால் நாம் இயக்குநர்களைத்தான் வரிசைப்படுத்துவோம். சயீத் மிர்சா, குந்தன் ஷா, கோவிந்த் நிஹலானி, விது வினோத் சோப்ரா, கேதன் மேத்தா, சேகர் கபூர். ஒருவர் மாதிரி இன்னொருவர் இல்லை. ஆனால் இத்தனை பேரின் படங்களும் ஏதோ ஒரு கட்டத்தில் ரேணுவின் மேசைக்கு வந்து போனவை. அந்த அலைக்கு ஒரே ஒரு முகம் வேண்டுமென்றால் என் ஓட்டு அவருக்குத்தான்.

1983-ஐ மட்டும் பாருங்கள். 'அர்த் சத்யா'வில் ஓம் புரியின் போலீஸ்காரர் உள்ளுக்குள் வெந்துகொண்டிருப்பார். ஷாட் கொஞ்சம் அவசரப்பட்டாலும் அந்தப் புழுக்கம் போய்விடும். அதே வருடம் 'ஜானே பி தோ யாரோ'. மகாபாரத நாடக மேடையில் ஒரு பிணம் திரௌபதியாக நிற்கிறது, அதற்கு ஆளாளுக்கு அடிதடி. அங்கே நாலு ஃபிரேம் தாமதித்தால் சிரிப்பு செத்தது. இரண்டையும் தொகுத்தது ஒரே ஆள். கம்ப்யூட்டர் கிடையாது. ஃபிலிமைக் கையால் வெட்டி, ஒட்டி, ஓட்டிப் பார்த்து, சரிவராவிட்டால் பிரித்து மறுபடி ஒட்ட வேண்டும்.

புனே திரைப்படக் கல்லூரியில் இயக்கம் படிக்க விண்ணப்பித்து, இடம் கிடைக்காமல் எடிட்டிங்கில் சேர்ந்தவர் அவர். இதைச் சொன்னால் சிலர் உச்சுக் கொட்டுவார்கள். எனக்கு அந்தப் பரிதாபம் பிடிப்பதில்லை. 'பரிந்தா', 'தாராவி', 'சர்தார்', 'காட்மதர்' என்று நான்கு தேசிய விருது வாங்கியவரைப் பார்த்து என்ன பரிதாபம்?

இன்னொரு பேச்சும் உண்டு. பெண்களுக்குப் பொறுமை ஜாஸ்தி, பூக்கட்டுகிற மாதிரி அழகாகக் கோத்துவிடுவார்களாம். அட, எடிட்டிங்கில் கோர்ப்பதா பெரிய வேலை? தூக்கிப் போடுவதுதான். நாள் முழுக்க வெயிலில் நின்று எடுத்த ஷாட் படத்துக்குத் தேவையில்லை என்று இயக்குநரின் முகத்துக்கு நேரே சொல்ல வேண்டும். அதற்குப் பொறுமை போதாது, நெஞ்சழுத்தம் வேண்டும். 'பரிந்தா'வின் இயக்குநர் விது வினோத் சோப்ரா அவருடைய முன்னாள் கணவர் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மணவாழ்க்கை முறிந்தபிறகும் அந்தப் படத்தை நம்பி ஒப்படைக்க சோப்ராவுக்கு வேறு கை இருக்கவில்லை என்றுதான் நான் நினைக்கிறேன்.

போன வாரம் 'ஹே ராம்' மறுபடி போட்டேன். இந்த முறை கதையே வேண்டாம், கல்கத்தா கலவரக் காட்சியில் எங்கெங்கே வெட்டுகிறார் என்று எண்ணிவிடுவது என்று நோட்டுப் புத்தகத்தோடு உட்கார்ந்தேன். ஆறு கோடு போட்டிருக்கிறேன். அப்புறம் நோட்டை எப்போது கீழே வைத்தேன் என்றே தெரியவில்லை.