மூளை நாடாப்புழுக் கட்டிக்குப் பன்றிக்கறிதான் காரணமா?
பன்றி இறைச்சி உண்பவர்களுக்கே மூளையில் நாடாப்புழுக் கட்டி வரும் என்று ஒரு கட்டுரை சொல்வதை ஏற்க முடியவில்லை. சரியாக வேகாத இறைச்சியிலுள்ள இளம்புழுக் கட்டியை உண்டால் குடலில்தான் நாடாப்புழு வளரும். மூளையில் கட்டியாக அமர்வதோ, அப்படிப் புழு வளரும் ஒரு மனிதரின் மலத்திலிருந்து கழுவாத கை, தண்ணீர், பச்சைக் காய்கறி வழியாக இன்னொருவரின் (சில வேளை அதே மனிதரின்) வயிற்றுக்குள் போய்ச் சேரும் முட்டைகளிலிருந்து பிறக்கும் இளம்புழுக்கள். பன்றியைத் தொடவே தொடாத நியூயார்க் வைதிக யூதர்கள் நால்வருக்கு இந்நோய் இருந்ததும், வீட்டுப் பணியாளர்கள் வழியாகத் தொற்றியிருக்கலாம் என்பதும் 1992-இல் மருத்துவ இதழில் வெளியாயின. முட்டைகூடச் சாப்பிடாத என் பெரியம்மாவுக்கு வலிப்பு வந்து ஸ்கேனில் இதே கட்டி தெரிந்தபோது, "நாங்கள் சைவம், எப்படி வரும்?" என்று மருத்துவரிடம் வாதாடியவர்களில் நானும் ஒருவன். பன்றிக்கறியை எந்த வெப்பநிலை வரை வேகவைக்க வேண்டும் என்று ஒரு வாசகர் கேட்டதைப் பொறுத்தவரை, பன்றியின் முழுத் துண்டுகளுக்கு உள்பகுதி 63 டிகிரி செல்சியஸை எட்டியபின் 3 நிமிடம் விடுவதும், கொத்துக்கறிக்கு 71 டிகிரியும் அமெரிக்க வேளாண்மைத் துறை பரிந்துரைக்கும் அளவுகள். நன்றாகக் கொதிக்கும் குழம்பில் சிறு துண்டுகள் இதை எளிதாகத் தாண்டிவிடும், கறி நறுக்கிய பலகையிலேயே கழுவாமல் பச்சடிக்கு வெங்காயம் அரிவதுதான் எனக்கு அதைவிடக் கவலை தரும் பழக்கம்.