காணிப் பிழையைத் திருத்தக் கோட்டுக்குப் போவது சண்டையில்லை

காணி விஷயமாகக் கோட்டுக்குப் போவோம் என்று சொன்னாலே எங்கள் சனம் பதறுகிறது. "அரசாங்கத்தோட கொழுவி வெல்லேலுமா தம்பி, இருக்கிறதும் போயிடும்" என்பார்கள். இந்தப் பயத்தால்தான் எங்கள் சித்தி வருடக்கணக்காகக் காத்திருக்கிறார், அதனால்தான் எழுதுகிறேன்.

சித்தப்பாவின் வயல், 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் கிடைத்த அளிப்புக் காணி, அதாவது அரசாங்கம் பத்திரம் எழுதிக் கொடுத்த காணி. அளிப்புப் பத்திரத்தில் ஒரு துண்டு இலக்கம், நில அளவைப் படத்தில் வேறொன்று. பத்திரம் எழுதியவர் பக்கத்துத் துண்டின் இலக்கத்தைப் போட்டுவிட்டார், அவ்வளவுதான் பிழை. பக்கத்து வயல்காரரே அந்தத் துண்டு தன்னுடையது என்று எழுதிக் கொடுத்துவிட்டார். ஆனாலும் காணி அலுவலகத்தில் எப்போது கேட்டாலும் "கோப்பு மேல போயிருக்கு, வந்ததும் அறிவிப்பம்" என்ற ஒரே பதில். சித்தப்பா காலமான பிறகு சித்தி போய் நிற்கிறார். கையில் ஒரு பொலித்தீன் பை, அதற்குள் பத்திரம், படம், மரண அத்தாட்சிப் பத்திரம், மடித்து மடித்து மடிப்பிலேயே கிழிந்துபோன கடிதங்கள். பின்னுரித்தை, அதாவது சித்தப்பாவுக்குப் பிறகு காணி யாருக்கு என்பதைப் பதியப் போனால், முதலில் இலக்கத்தைச் சரிசெய்து வாருங்கள் என்கிறார்கள். எங்கே போய்ச் சரிசெய்வது? அதைச் செய்ய வேண்டியவர்களே அவர்கள்தானே!

கோட்டில் போடுவது ரிட் மனு, அதாவது எழுத்தாணை கேட்கும் மனு. அது அதிகாரியைத் தண்டிப்பது என்று பலர் நினைக்கிறார்கள், அப்படியில்லை. சட்டப்படி செய்ய வேண்டிய வேலையைச் செய்யாமல் வைத்திருப்பவரிடம், செய்யுங்கள் என்று நீதிமன்றம் கட்டளையிடும். ஆனால் அதற்கு முன் நாங்கள் எழுத்தில் கேட்டிருக்க வேண்டும், அவர்கள் மறுத்ததோ செய்யாமல் விட்டதோ தெரிய வேண்டும். வாயால் கேட்டதற்குச் சாட்சி இல்லை. ஆகவே கடிதத்தைப் பதிவுத் தபாலில் போட்டுப் பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். கோப்பு எங்கே கிடக்கிறது என்று 2016 ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள், தருவதா இல்லையா என்று 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். இன்னொன்று, காரணமில்லாமல் நாங்கள் பிந்திப் போனால் அதுவும் எங்களுக்கு எதிராகவே நிற்கும். அரசியலமைப்பு தந்த உரிமை மீறப்பட்டது என்று போடும் அடிப்படை உரிமை மனு என்றால், மீறல் நடந்து ஒரு மாதம்தான் தவணை. பொறுமையாக இருந்தால் நல்லது நடக்கும் என்று சொல்கிறவர்கள் இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

எனக்கு உண்மையாகக் கோபம் வருவது வேறொரு இடத்தில். அரசியலமைப்பின் 13 ஆவது திருத்தம் மாகாண மேல் நீதிமன்றங்களுக்கும் எழுத்தாணை அதிகாரம் கொடுத்தது, திருகோணமலையிலேயே அந்த நீதிமன்றம் இருக்கிறது. ஆனால் அரச காணி அதற்குள் வராது என்று 2013 இல் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே இங்குள்ள ஒரு வயல் துண்டின் இலக்கத்துக்காக இரவு ரயிலேறிக் கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போக வேண்டும், அங்கே ஆங்கிலத்தில் மனு, அதற்கொரு சட்டத்தரணி, தவணைக்குத் தவணை செலவு. நெல் விற்ற காசில் இது நடக்கிற காரியமா? பாராளுமன்றம் சட்டம் இயற்றி இந்த அதிகாரத்தை மாகாண மேல் நீதிமன்றங்களுக்குக் கொடுக்கலாம். வாக்குக் கேட்டு வருகிறவர்களிடம் இதைக் கேளுங்கள்.

சட்டத்தரணிக்குக் காசில்லாதவர்கள் முதலில் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் போய்க் கதையுங்கள். சித்தியின் கோரிக்கைக் கடிதம் தயாராகிவிட்டது, திங்கட்கிழமை தபாலில் போடுகிறோம். இதே மாதிரி இலக்கப் பிழையோடு அலைகிறவர்கள் உள்பெட்டிக்கு வாங்கோ, அதன் மாதிரியை அனுப்பிவிடுகிறேன்.