யா பிரிஷோல், யா பிரிஷ்லா

தமிழில் 'நான் வந்தேன்' என்று எழுதினால் வந்தவர் ஆணா பெண்ணா என்று தெரியாது. ரஷ்ய மொழியில் அந்த வசதி கிடையாது. இறந்தகாலத்தில் ஆண் என்றால் 'யா பிரிஷோல்', பெண் என்றால் 'யா பிரிஷ்லா'. தன் கதையை எழுத உட்காரும் பெண்ணை வினைமுற்றே காட்டிக்கொடுத்துவிடும்.

ஆண் வேஷத்தில் ரஷ்யக் குதிரைப்படையில் இருந்த நதேஷ்தா துரோவாவைப் படிக்கும்போது இதுதான் மண்டைக்குள் ஓடிக்கொண்டே இருந்தது. 1806-ல் கூந்தலை அறுத்து, மூழ்கிப்போனாள் என்று நினைக்கட்டும் என உடைகளை ஆற்றங்கரையில் போட்டுவிட்டு, ஆல்கிட் என்ற குதிரையேறி கோசாக் குதிரைவீரர்களோடு போனவர். நெப்போலியனுக்கு எதிராகச் சண்டை போட்டார். குட்டு வெளிப்பட்டபோது ஜார் முதலாம் அலெக்சாந்தர் அவரை வீட்டுக்குத் துரத்தவில்லை. செயின்ட் ஜார்ஜ் சிலுவை என்ற வீர விருதும், தன் பெயரையொட்டி 'அலெக்சாந்த்ரோவ்' என்ற பெயரும் கொடுத்தார்.

1836-ல் வந்த அவருடைய நினைவுக்குறிப்பில் கதை சொல்லும்போது 'பிரிஷ்லா' வகை. அதே ஆள் சக வீரர்களிடம் வாய் திறந்தால் 'பிரிஷோல்' வகை. தமிழில் பெயர்த்தால் இரண்டுமே 'வந்தேன்' ஆகிவிடும். பாதிப் புத்தகம் போச்சு!

அலெக்சாந்த்ரோவ் என்ற பெயரில்தான் அச்சாக வேண்டும் என்பது அவர் ஆசை. கவிஞர் புஷ்கின் தன் 'சவ்ரெமென்னிக்' இதழில் ஒரு பகுதியைத் துரோவா பெயரிலேயே போட்டுவிட்டார். புஷ்கின் செய்தாலும் தப்பு தப்புதான்.

ஆனால் பலரும் பிடித்துக்கொள்வது வேறொன்றை. வீட்டைவிட்டு ஓடியபோது பதினாறு பதினேழு வயசு என்கிறது புத்தகம். உண்மையில் 23. 1801-லேயே கல்யாணம், 1803-ல் மகன். புத்தகத்தில் புருஷனும் இல்லை பிள்ளையும் இல்லை, ஒரு வரிகூட. 'பொய் சொல்லிவிட்டாள்' என்கிறார்கள்.

நானும் முதலில் கணக்குப் போட்டு மறைத்திருக்கிறார் என்றுதான் நினைத்தேன். ஓடிப்போன குமரியை வாசகர் ரசிப்பார், பிள்ளையை விட்டுப்போன தாயைக் கிழித்துத் தொங்கவிடுவார். இன்றைக்கும் அப்படித்தானே? ஆனால் வாசகருக்காக மட்டும் என்றால் புத்தகம் முடிந்ததும் வேஷம் கலைந்திருக்க வேண்டும். கலையவில்லை. பிற்காலத்தில் வாழ்ந்த யெலாபுகா ஊரில் கடைசிவரை ஆண் உடை, பேச்சிலும் ஆண் விகுதி. மனைவி, தாய் என்ற இரண்டும் அவருடைய 'நான்' என்பதற்குள் ஒருபோதும் வந்ததே இல்லை என்றுதான் இப்போது படுகிறது. அந்த மகன் என்ன நினைத்திருப்பான் என்பதும் கூடவே உறுத்துகிறது.

அவனைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். கல்யாணத்துக்கு ஆசி கேட்டு 'அம்மா' என்று கடிதம் எழுதினானாம், பதில் இல்லை. அலெக்சாந்த்ரோவ் அவர்களுக்கு என்று மாற்றி எழுதினானாம். உடனே ஆசி வந்ததாம்.