பிரெட் ரோஜர்ஸ் ராணுவத்தில் இருந்ததே இல்லை

அமெரிக்கத் தொலைக்காட்சியில் குழந்தைகள் நிகழ்ச்சி நடத்திய பிரெட் ரோஜர்ஸ் வியட்நாமில் குறிபார்த்துச் சுடும் வீரராக இருந்தார், கையில் குத்திய பச்சையை மறைக்கத்தான் எப்போதும் முழுக்கை ஸ்வெட்டர் என்று சிலர் எழுதுகிறார்கள். பல காலமாகச் சுற்றும் கட்டுக்கதை இது. அவர் படையில் சேர்ந்ததே இல்லை, பச்சையும் குத்திக்கொள்ளவில்லை. அவ்வளவு அன்பான மனிதரைப் பற்றி இப்படிப் பரப்புவது வருத்தமாக இருக்கிறது.

1951இல் இசை படித்து முடித்த கையோடு நியூயார்க்கில் என்.பி.சி. தொலைக்காட்சி நிறுவனத்தில் சேர்ந்தார். 1953இல் பிட்ஸ்பர்க்கின் டபிள்யூ.க்யூ.இ.டி. தொலைக்காட்சி நிலையத்துக்குப் போனார். அடுத்த வருடம் அங்கே தொடங்கிய குழந்தைகள் நிகழ்ச்சியில் அவர் முகம் பெரும்பாலும் தெரியாது. திரைக்குப் பின்னால் பொம்மை ஆட்டுவார், ஆர்கன் வாசிப்பார். எல்லாம் நேரடி ஒளிபரப்பு. பொம்மையை விட்டு ஆர்கனுக்கு ஓடும்போது காலடிச் சத்தம் கேட்கக் கூடாதே என்றுதான் கேன்வாஸ் ஷூ போட ஆரம்பித்தார். வியட்நாம் போர் மும்முரமாக நடந்த 1968இல் அவருடைய சொந்த நிகழ்ச்சி நாடு முழுக்க ஒளிபரப்பாகத் தொடங்கியிருந்தது.

சரி, அந்த ஸ்வெட்டர்? அவருடைய அம்மா நான்சி கையால் பின்னிக் கொடுத்தது. சிவப்பு நிறத்தில் ஒன்று இப்போது ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.