நாயின் திருட்டு முழி

அடிக்கடி கண்ணில் படுகிற வீடியோ இது. செருப்பு குதறிக் கிடக்கும். வீட்டுக்காரர் செல்போனை நீட்டி, "யாருடா செஞ்சது? சொல்லு!" என்று அதட்டுவார். நாய் காதைத் தலையோடு ஒட்டி, வாலைக் காலுக்கு நடுவே செருகி, முகத்தைத் திருப்பிக்கொண்டு கடைக்கண்ணால் பார்க்கும். வெள்ளைவிழி தெரியும். உதட்டை நக்கும். கீழே, "திருட்டு முழி முழிக்குது பாருங்க" என்று ஒரே சிரிப்பு.

தயவுசெய்து இதைப் பகிராதீர்கள். அந்த நாய் பயந்து நடுங்குகிறது.

அலெக்சாண்ட்ரா ஹொரோவிட்ஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர் 14 நாய்களை வைத்து இதைச் சோதித்தார். 2009இல் வெளிவந்த ஆய்வு. தின்பண்டத்தைத் தொடாதே என்று சொல்லிவிட்டு உரிமையாளர் வெளியே போவார். திரும்பி வந்ததும் நாய் தின்றுவிட்டது என்று அவரிடம் சொல்வார்கள், சில சமயம் பொய்யாக. திட்டு விழுந்தால் அந்த முழி வந்தது. தின்றதா இல்லையா என்பதற்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. இன்னும் சொன்னால், தின்னாமலே திட்டு வாங்கிய நாய்களிடம்தான் அது அதிகமாகத் தெரிந்தது.

சரி, செருப்பை ஏன் கடிக்கிறது? பல் முளைக்கிற குட்டி என்றால் ஈறு நமைச்சல். வளர்ந்த நாய் என்றால் பெரும்பாலும் சலிப்பு, அல்லது தனிமை தாங்காத தவிப்பு. கணவன் மனைவி இருவரும் காலையில் வேலைக்குப் போய் இருட்டிய பிறகு வருகிற அடுக்குமாடி வீட்டில், அது நாள் முழுக்கக் கதவையே பார்த்துக்கொண்டிருக்கும். உங்கள் வாசனை நன்றாக ஏறிய பொருள் செருப்புதான். கதவோரம் பிறாண்டிய தடமும், நீங்கள் கிளம்பியதும் கேட்கிற ஊளையும் அதே தவிப்புதான். "பழி வாங்குது" என்று சிலர் சொல்லும்போது எனக்கு ஆற்றாமையாக இருக்கும். நாயும் வளர்ப்பவரும் ஒருவரையொருவர் கண்ணோடு கண் பார்க்கும்போது இருவர் உடலிலும் ஆக்சிடோசின் கூடுகிறது என்று ஜப்பானிய ஆய்வாளர்கள் 2015இல் காட்டினார்கள். தாய்க்கும் சேய்க்கும் இடையே சுரக்கிற அதே ஹார்மோன். அப்படி ஒட்டிக்கொண்ட உயிர் அது.

இதையெல்லாம் யோசிக்காமல் வாங்கிவிட்டு, அப்புறம் "அடங்கவே மாட்டேங்குது" என்று பைபாஸ் ஓரத்தில் இறக்கிவிட்டுப் போகிறார்கள். வளர்த்த பிராணியைப் பசியிலும் தாகத்திலும் வாடும்படி கைவிடுவது 1960ஆம் வருட விலங்கு வதைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். முதல் தடவைக்கு அந்தச் சட்டம் வைத்த அபராதம் 10 முதல் 50 ரூபாய்! யார் பயப்படுவார்கள்?

ஏற்கெனவே நாய் வைத்திருப்பவர்களுக்கு: காலையில் வெளியே கூட்டிப் போனால் மோப்பம் பிடிக்க விடுங்கள், தரதரவென்று இழுக்காதீர்கள். கடிக்க அதற்கென்று ஒரு பொருள் கொடுங்கள். தனியாக இருக்க ஐந்து நிமிடம், பத்து நிமிடம் என்று பழக்குங்கள். மதியம் ஒருமுறை வந்து பார்க்க யாரையாவது ஏற்பாடு செய்யுங்கள். தவிப்பு அடங்கவில்லை என்றால் கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள், இதற்கும் சிகிச்சை உண்டு. வீட்டுக்குள் நுழைந்ததும் செருப்பு கிழிந்து கிடந்தால் பேசாமல் எடுத்துக் குப்பையில் போடுங்கள். எப்போதோ செய்ததற்கு இப்போது திட்டினால், எதற்கு என்று அதற்குப் புரியாது.