ஆர்மரி எதற்காகத் திறக்கிறது?

ஓவர்வாட்ச் என்ற துப்பாக்கி விளையாட்டை ஆடும் நம் குழுவில் நேற்று இரவிலிருந்து சுற்றிக்கொண்டிருக்கும் அந்த ஸ்கிரீன்ஷாட்டை நீங்கள் எல்லோரும் பார்த்திருப்பீர்கள். அதில் இருக்கும் ஐட்டம் பட்டியல் என்னுடையதுதான், மறுக்கவில்லை. ஆஷ் என்ற ஹீரோவுக்கு எந்தக் கைடிலும் காண முடியாத கலவை அது: டைனமைட்டுக்காக எடுத்த பவர்கள் எனும் சிறப்புத் திறன்கள் ஒரு பக்கம், துப்பாக்கிக்காக வாங்கிய ஐட்டங்கள் மறுபக்கம். "அண்ணனின் ஆராய்ச்சிக் கூடம்" என்று தலைப்பிட்டு அதைப் போட்டவர், அந்தப் பட்டியல் எந்தச் சுற்றில் எதற்காக அப்படி ஆனது என்பதை மட்டும் எழுதவில்லை. அதை நான் எழுதுகிறேன்.

போட்டி தொடங்கும் முன்பே எழுதி வைத்த பில்டை, அதாவது எதையெல்லாம் வாங்குவது என்ற பட்டியலை, எதிரில் யார் நிற்கிறார்கள் என்று தெரிந்த பிறகும் மாற்றாமல் கட்டிக்கொண்டிருப்பது ஒழுங்கு அல்ல, பிடிவாதம். ஓவர்வாட்ச் 2016ஆம் ஆண்டு வந்த நாள் முதல், ஒரு ஹீரோ எடுபடவில்லை என்றால் போட்டியின் நடுவிலேயே வேறு ஹீரோவுக்கு மாறிக்கொள்ளலாம் என்பதுதான் அந்த விளையாட்டின் உயிர்நாடி. 2025 ஏப்ரலில் வந்த ஸ்டேடியம் முறையில் அந்த வழி அடைபட்டது. எடுத்த ஹீரோவுடனேயே கடைசி வரை நிற்க வேண்டும். அதற்கு ஈடாகத்தான் ஒவ்வொரு சுற்றுக்கும் முன்பு ஆர்மரி என்ற கடை திறக்கிறது, கையில் பணம் தருகிறார்கள், ஆறு இடங்களில் நாம் விரும்பியதை வைத்துக்கொள்ளச் சொல்கிறார்கள், வைத்ததை விற்றால் போட்ட பணத்தையும் திருப்பித் தருகிறார்கள். பவர்கள் மட்டும்தான் எடுத்தால் எடுத்ததுதான். அதாவது, ஹீரோவை மாற்றுவதற்குப் பதிலாகக் கொடுக்கப்பட்டதே ஐட்டங்களை மாற்றும் உரிமை. அந்த உரிமையைப் பயன்படுத்தியதற்காக ஒருவரைக் கேலி செய்கிறீர்கள் என்றால், ஆர்மரி எதற்காகத் திறக்கிறது என்று எனக்கு யாராவது விளக்க வேண்டும்.

அந்தப் போட்டிக்கு வருகிறேன். நானும் முதல் சுற்றில் கைடின்படியேதான் தொடங்கினேன். டைனமைட்டை வலுப்படுத்தும் பவர், திறன் வலிமையைக் கூட்டும் ஐட்டங்கள், எல்லாம் வரிசை பிசகாமல் வாங்கினேன். எதிரணியில் முன்னால் நின்று அடி தாங்கும் டேங்க் ஜங்கர் குவீன், குணப்படுத்தும் ஹீரோக்களாக ஆனா, கிரிக்கோ. டைனமைட்டின் பலமே வெடித்த பிறகு பற்றி எரியும் தீயில்தான் இருக்கிறது. கிரிக்கோ எறியும் சுசூ என்ற காப்பு மணி விழுந்த அடுத்த நொடி அந்தத் தீ அணைந்துவிடும். என் டைனமைட்டும் அவர்களுடைய சுசூவும் ஏறக்குறைய ஒரே இடைவெளியில் திரும்பி வந்துகொண்டிருந்தன. நான் எறிவேன், நான்கு பேர் மீது தீப்பிடிக்கும், மணிச்சத்தத்தோடு சுசூ விழும், நான்கு பேரும் முழு உயிரோடு முன்னேறி வருவார்கள். மூன்று சுற்றுகள் இதையே பார்த்தேன். மூன்றிலும் தோற்றோம்.

நான்காம் சுற்றுக்கு முன் ஆர்மரியில் நின்று ஸ்கோர்போர்டைத் திறந்து எதிரணியின் பட்டியல்களைப் படித்தேன். ஜங்கர் குவீன் தானே தன்னைக் குணப்படுத்திக்கொள்பவர். அவருக்குப் பின்னால் ஆனா வேறு ஊற்றிக்கொண்டே இருக்கிறார். சாகாத டேங்க் அது. அப்போதுதான் திறன் வலிமை ஐட்டங்களில் இரண்டை விற்று எல்-சாகா சப்ரெசரை வாங்கினேன். கிரிட்டிக்கலாகச் சுட்டால் சுடப்பட்டவர் பெறும் ஹீலை, அதாவது குணமாவதை, குறைக்கும் ஐட்டம் அது; வந்த புதிதில் 30 சதவீதம் குறைப்பு, இரண்டு நொடிகளுக்கு. குறைவாகத் தோன்றும். ஆனால் ஆஷ் ஸ்கோப் வைத்துத் தலையில் சுடுகிறவர். டைனமைட்டைப் போல அதற்குப் பன்னிரண்டு நொடி காத்திருக்க வேண்டியதில்லை. சுசூ ஒருமுறை வந்து துடைத்துவிட்டுப் போன பிறகு அடுத்த சுசூ வரும்வரை ஒவ்வொரு தலைச்சூட்டுக்கும் அந்தக் குறைப்பு திரும்பத் திரும்ப ஏறும். மீதிப் பணத்தை ஆயுத வலிமையில் போட்டேன். ஏற்கெனவே எடுத்த இரண்டு டைனமைட் பவர்களை விற்க முடியாது, ஆகவே பட்டியல் பார்ப்பதற்கு அலங்கோலமாகத்தான் இருந்தது. ஐந்தாம் சுற்றில் துப்பாக்கிக்கு ஒரு பவர் எடுத்தேன். ஆறாம் சுற்றில் அந்த ராணி கவச ஐட்டங்களை வாங்கி அடுக்கியிருப்பதைப் பார்த்து, கவசத்தின் தடுப்பைப் பாதியாகக் குறைக்கும் கோட்பிரேக்கரை எடுத்தேன். நான்கு, ஐந்து, ஆறு: மூன்று சுற்றுகளையும் வென்றோம்.

இந்த மூன்று வெற்றிகளின்போதும் வாய்ஸ் சாட்டில் நான் கேட்டுக்கொண்டிருந்தது என்ன தெரியுமா? "அண்ணே, கைடுல இருக்கிறதை வாங்குங்க, புதுசா எதையும் பண்ணாதீங்க." ஆறாம் சுற்று வென்று மூன்றுக்கு மூன்று என்று ஆன பிறகும் அதே குரல். சொன்னவர் ரீப்பர் என்ற ஹீரோவை எடுத்திருந்தார். சுடும்போது உயிர் திரும்பக் கிடைக்கும் ஐட்டங்களாக வாங்கிக் குவித்திருந்தார், ஏனென்றால் கைடில் அப்படித்தான் இருக்கிறது. எதிரில் இருந்ததோ ஆனா. அவருடைய பயோட்டிக் கிரனேடு பட்டால் ஹீல் தடைபடும் என்பது இந்த விளையாட்டை ஒரு வாரம் ஆடியவருக்கும் தெரியும். ஒவ்வொரு சண்டையிலும் அந்தக் கிரனேடு முதலில் நம் ரீப்பர் மீதுதான் விழுந்தது, அவர் செலவழித்த பணம் முழுவதும் அந்த ஊதா நிறத்தில் கரைந்தது, அவரும் அடுத்த சுற்றில் அதே வரிசையில் அடுத்த ஐட்டத்தை வாங்கினார். நான் ஒருமுறைகூட அதைச் சொல்லிக் காட்டவில்லை.

"கைடு எழுதியவர்களுக்கு உன்னைவிட நன்றாகத் தெரியும்" என்று சிலர் எழுதியிருக்கிறீர்கள். தெரியும், ஒப்புக்கொள்கிறேன். உச்ச ரேங்கில் ஆடுகிறவர்கள் எழுதிய பட்டியல்களிலிருந்து நான் கற்றது ஏராளம். ஆனால் அவர்கள் ஆடுவதைப் பார்த்திருக்கிறீர்களா? தாங்கள் எழுதிய பட்டியலைத் தாங்களே மூன்றாம் சுற்றில் மீறுகிறார்கள். டெட்லாக் என்ற இன்னொரு விளையாட்டில் வீரர்கள் தங்கள் பில்டை விளையாட்டுக்குள்ளேயே வெளியிடலாம். அவற்றில் நன்றாக எழுதப்பட்டவற்றைத் திறந்து பாருங்கள், முதலில் வாங்க வேண்டியவை ஒரு கட்டத்தில் இருக்கும், "எதிரணியில் ஹீல் அதிகமானால்", "தோட்டா அடி அதிகமானால்" என்று தனிக் கட்டங்களும் இருக்கும். எழுதியவரே மாற்றச் சொல்லித்தான் எழுதியிருக்கிறார். முதல் கட்டத்தை மட்டும் படித்துவிட்டு வேதம் என்று தலையில் தூக்கி வைத்துக்கொண்டது படித்தவரின் தவறு, எழுதியவரின் தவறு அல்ல.

இதை நான் பிறக்கும்போதே கற்றுக்கொண்டு வரவில்லை. பாலடின்ஸ் என்ற இதே மாதிரியான விளையாட்டை ஆடத் தொடங்கிய காலத்தில் எனக்கும் ஒரு பட்டியல் இருந்தது. மஞ்சள் தாளில் எழுதி மானிட்டரின் ஓரத்தில் ஒட்டி வைத்திருந்தேன். அந்த விளையாட்டில் கார்டுகளைப் போட்டிக்கு முன்பே தேர்ந்தெடுத்துவிட வேண்டும், ஆனால் கிரெடிட்டைக் கொண்டு நடுவில் ஐட்டம் வாங்கலாம். எதிரணி ஹீலைக் குறைக்கும் காட்டரைஸ் என்ற ஐட்டம் இருந்தது. என் தாளில் அது இல்லை, ஆகவே நான் வாங்கியதே இல்லை. ஒருநாள் என் அண்ணன் பின்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். ஒரே எதிரியை நான்கு முறை சாவின் விளிம்புவரை கொண்டுபோய், நான்கு முறையும் அவர் முழு உயிரோடு திரும்பி வந்து என்னைக் கொன்றதைப் பார்த்தார். அண்ணன் எதுவும் திட்டவில்லை. கையை நீட்டி அந்த மஞ்சள் தாளைப் பிய்த்து, மடித்து, தன் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, "டேப் கீயை அழுத்து. எதிர்ல யார் யார் இருக்காங்கன்னு எனக்கு வாசிச்சுக் காட்டு" என்றார். ஐந்து பெயர்களையும் வாசித்தேன். வாசித்து முடிப்பதற்குள் என்ன வாங்க வேண்டும் என்பது எனக்கே தெரிந்துவிட்டது. அண்ணன் இப்போது விளையாடுவதில்லை, அவருக்கு நேரமில்லை. ஒவ்வொரு சுற்றுக்கும் முன்னால் எதிரணிப் பெயர்களை வாய்விட்டு வாசிக்கும் பழக்கம் மட்டும் என்னிடம் தங்கிவிட்டது. அந்த வாசிப்பையும் சேர்த்துத்தான் நேற்று ஒருவர் "மந்திரம் ஓதுகிறார்" என்று எழுதியிருந்தார்.

"பதற்றத்தில் மாற்றுகிறவர்கள்தான் அதிகம்" என்ற மறுப்பை மட்டும் மதிக்கிறேன். ஒரு சாவுக்குப் பிறகு கண்ணில் பட்டதையெல்லாம் விற்று வாங்குவது பில்டை மாற்றுவது ஆகாது. நானும் அதைச் செய்து தோற்றிருக்கிறேன். ஒருமுறை அடிபட்டதற்கும் மூன்று சுற்றுகளாக ஒரே விதத்தில் அடிபட்டதற்கும் வேறுபாடு உண்டு. நான் மாற்றியது மூன்றாவது தோல்விக்குப் பிறகு. டெட்லாக் போல விற்றால் முழு விலையும் திரும்பாத விளையாட்டாக இருந்திருந்தால் இன்னும் ஒரு தடவை யோசித்திருப்பேன். இங்கே இழப்பதற்கே ஒன்றும் இல்லை. "அணிக்குக் குழப்பம் வரும்" என்கிறவர்களுக்கு, நான் எதை விற்கிறேன், ஏன் விற்கிறேன் என்று வாய்ஸ் சாட்டில் சொல்லிவிட்டுத்தான் விற்றேன். கேட்காதவருக்கு நான் என்ன செய்ய முடியும்?

கடைசியாக, எல்லோரும் எறியும் கல்: "அப்படியும் தோற்றுத்தானே போனீர்கள்?" ஆம், ஏழாம் சுற்றில் தோற்றோம். மூன்று சுற்றுகள் பின்தங்கி, நான்காவதிலேயே மூட்டை கட்டியிருக்க வேண்டிய அணி ஏழாவது சுற்றின் கடைசிச் சண்டைவரை நின்று தோற்றது. அந்தக் கடைசிச் சண்டையில் முதலில் விழுந்தது யார் என்று நான் எழுதப் போவதில்லை, பார்த்தவர்களுக்குத் தெரியும். தோல்வி எனக்கு வலிக்கவில்லை. ஸ்டேடியம் முறை வந்த காலத்திலிருந்து ஒன்றாக ஆடும் ஐந்து பேர் நாங்கள். தோற்றுவிட்டால் "அடுத்தது பார்த்துக்கலாம்" என்று ஒருவர் சொல்வார், மற்றவர்கள் சிரிப்பார்கள், இன்னொரு போட்டிக்கு வரிசையில் நிற்போம். நேற்று யாரும் அதைச் சொல்லவில்லை. லாபியிலிருந்து ஒவ்வொருவராகச் சத்தமில்லாமல் வெளியேறினார்கள், பத்து நிமிடத்தில் ஸ்கிரீன்ஷாட் வந்தது. எனக்கு ஹீல் செய்துகொண்டே ஏழு சுற்றுகளையும் உடனிருந்து பார்த்த தம்பியும் அதற்குச் சிரிப்புக் குறி போட்டிருந்தான். அந்த ஒன்றுதான் இரவெல்லாம் தூங்கவிடவில்லை.

முதலாம் சுற்றில் என் பட்டியல், நான்காம் சுற்றில் என் பட்டியல், ஏழாம் சுற்றில் என் பட்டியல், மூன்றையும் கீழே படங்களாகப் போட்டிருக்கிறேன். எந்த ஐட்டத்தை எப்போது விற்றேன், எதற்காக விற்றேன் என்பதும் ஒவ்வொரு படத்தின் கீழும் இருக்கிறது. ஸ்கிரீன்ஷாட் போட்ட நண்பரும் தன்னுடைய முதல் சுற்றுப் பட்டியலையும் ஏழாம் சுற்றுப் பட்டியலையும் அருகருகே வைத்துப் போடட்டும்.